பங்குக் கிணறும் புள்ளிமான்களும்

தோப்புக்குப் போய்விட்டு ராஜபாளையம் வீட்டுக்குத் திரும்பினால், கதவைத் திறக்கும்போதே என் மனைவி கேட்பாள்: "மான் வந்துச்சா?"

எந்த மான் என்று நான் திருப்பிக் கேட்பேன். அவள் அடுப்படிக்குப் போய்விடுவாள். "மான்னா மான்தான. அதுலயும் சாதி பிரிக்கணுமா உங்களுக்கு?" என்று அங்கிருந்து குரல் வரும். இத்தனை வருடத்தில் ஒரு தடவையாவது "புள்ளிமான் வந்துச்சா" என்றோ "மிளா வந்துச்சா" என்றோ கேட்டதில்லை. வீட்டில்தான் இப்படி என்றால் வெளியிலும் இப்படித்தான். ஊரில் படித்தவர்கள் நிறைய. மலை கண்ணுக்கு எதிரே நிற்கிறது. அதில் என்ன இருக்கிறது என்று கேட்டால் சாம்பல் அணில் என்பார்கள், இப்போது புலி என்றும் சேர்த்துக்கொள்கிறார்கள். மற்றதெல்லாம் மான்.

நான் அரசாங்கத்தில் கணக்கெடுக்கிற பிரிவில் வேலை பார்த்தவன். கால்நடைக் கணக்கெடுப்புக்கு வீடு வீடாகப் போயிருக்கிறேன். மாடு, எருமை, செம்மறி, வெள்ளாடு, பன்றி, கோழி எல்லாவற்றுக்கும் தனித்தனிப் பத்தி உண்டு. மாட்டிலேயே நாட்டு மாடு வேறு, கலப்பு மாடு வேறு. மாற்றி எழுதினால் மேலதிகாரி திருப்பி அனுப்புவார். அப்படிப் பழகியவனுக்கு நான்கு உயிர்களை ஒரே சொல்லில் போட்டு அமுக்குவது பொறுக்காது.

எங்கள் மலையில் இருப்பது நான்கு வகை. கறாராகச் சொன்னால் மூன்றரை.

மம்சாபுரத்துக்கு மேற்கே அடிவாரத்தில் எங்கள் தோப்பு. தோப்பின் வேலியைத் தாண்டியதும் முள்ளும் புல்லுமாகக் கிடக்கிற சமதளம் புள்ளிமானுடையது. அதற்கு மேய வெளி வேண்டும், ஓடி மறையப் புதரும் பக்கத்தில் வேண்டும். இரண்டும் சேர்ந்த இடம் அடிவாரம்தான். அது கூட்டத்தை விட்டுப் பிரியாது, செங்குத்தான மலையிலும் ஏறாது. சரிவு தொடங்கி மரம் அடர்ந்த ஓடைப் பள்ளங்களில் மிளா. பாடப் புத்தகத்தில் கடமான் என்று போட்டிருக்கும். எருமைக் கிடாரி அளவு உடம்பு, முரட்டு மயிர், சேற்றைக் கண்டால் புரளும். தனியாக வரும், அல்லது தாயும் பிள்ளையுமாக. இருட்டியபின்தான் இறங்கும் என்பதால் காலையில் குளம்புத் தடத்தை வைத்துத்தான் நான் கணக்குப் போடுவேன். அதற்கும் மேலே, வெயில் தரையில் விழாத காட்டில் கேளையாடு. ஆடு என்று பெயரே தவிர மான்தான். நாய் மாதிரிக் குரைக்கும். மொத்தம் மூன்று தடவை பார்த்திருக்கிறேன், மூன்று தடவையும் அதன் பின்பக்கத்தை.

அரை என்று சொன்னது சருகுமானை. ஓடைக்கரைச் சருகுக்குள் முயல் அளவில் இருக்கும். கொம்பு கிடையாது, ஆணுக்குக் கோரைப்பல் நீண்டிருக்கும். விலங்கியல் படித்தவர்கள் அதை மான் குடும்பத்தில் சேர்ப்பதில்லை. அதைக் கண்டவர்கள் தாயைப் பிரிந்த மான்குட்டி என்று எண்ணிப் பாவப்பட்டுத் தூக்கி வந்த கதைகளும் கேட்டிருக்கிறேன். முழுதாக வளர்ந்த உயிர் அது. கருப்பு முதுகும் முறுக்குக் கொம்புமாக இருக்கிற வெளிமான் எங்கள் பக்கம் கிடையாது. அது வல்லநாட்டுப் பக்கத்துப் பொட்டல்களில் இருக்கிறது. அதுவும் மான் குடும்பம் இல்லை, ஏனென்றால் அது கொம்பை உதிர்ப்பதில்லை. மான் வருடா வருடம் கொம்பை உதிர்த்துப் புதிதாக வளர்க்கும். பாறை உச்சியில் நிற்கிற வரையாட்டை மான் என்று சொல்கிறவர்களிடம் நான் பேச்சு வைத்துக்கொள்வதில்லை.

எங்கள் சபைக் கோயிலில் கிறிஸ்துமஸுக்குத் தெர்மாகோலில் மான் வெட்டி வைப்பார்கள். கிறிஸ்துமஸ் தாத்தாவின் வண்டியை இழுக்கிற பனி நாட்டு மான். அதில் பெட்டைக்கும் கொம்பு உண்டு, நம் மான்களில் ஆணுக்கு மட்டும்தான். ஒரு வருடம் கமிட்டியில் எழுந்து, வெட்டுவதுதான் வெட்டுகிறீர்கள், ஒரு மிளாவை வெட்டி வைக்கலாமே, பிள்ளைகள் தெரிந்துகொள்ளுமே என்றேன். எங்கள் போதகர் ஐயர் சிரித்துக்கொண்டே, "மிளா வண்டி இழுக்காதே அண்ணாச்சி" என்றார். பதினாறு பேர் இருந்த கமிட்டியில் பதினைந்து பேர் சிரித்தார்கள்.

இதெல்லாம் வேலையற்ற கிழவனின் வறட்டு வித்தை என்று நினைக்கிறவர்கள் நினைக்கட்டும். ஒவ்வொரு மானும் தண்ணீருக்கு வருகிற விதம் வேறு, பயப்படுகிற விதம் வேறு. அந்த வித்தியாசம் தெரியாமல், தெரிந்தவன் சொன்னபோதும் கேட்காமல், என் கண் முன்னால் ஓர் உயிரைப் போக்கினார்கள். அதைத்தான் எழுத உட்கார்ந்தேன்.

தோப்பு எங்கள் தாத்தா வைத்தது. இப்போது மூன்று பங்கு. என் பங்கில் மா நாற்பத்தொன்று, தென்னை அறுபத்தெட்டு. என் அண்ணன் இறந்துவிட்டதால் அவர் பங்கை மதினி பார்த்துக்கொள்கிறார்கள். மம்சாபுரத்தில் குடியிருக்கிறார்கள், ஆடு வளர்க்கிறார்கள், விடிந்தால் தோப்பில்தான் இருப்பார்கள். மூன்றாவது பங்கு என் சித்தப்பா மகனுக்கு. அவன் என்னைவிட இளையவன். ஸ்ரீவில்லிபுத்தூர் மடவார் வளாகத்தில் சிமெண்டும் கம்பியும் விற்கிறான். மாம்பழக் காலத்தில் மட்டும் தோப்பு ஞாபகம் வரும்.

மரத்தைப் பிரித்தோம், கிணற்றைப் பிரிக்க முடியவில்லை. சதுரமான பாறைக் கிணறு, நடுத் தோப்பில் இருக்கிறது. மூன்று பேருக்கும் முறை வைத்துத் தண்ணீர். ஒரு பக்கச் சுவரில் கால் வைத்து இறங்கக் கல் நீட்டிக்கொண்டிருக்கும். மேலே கைப்பிடிச் சுவர் கிடையாது, மொட்டைக் கிணறு. தரைமட்டத்துக்கு வாயைத் திறந்துகொண்டு கிடக்கும். மழைக்குப் பிறகு விளிம்பில் புல் மண்டினால் பக்கத்தில் வந்த பிறகுதான் கிணறு இருப்பதே தெரியும்.

என் முறை வருகிற நாளில் மோட்டார் ரூம் பக்கத்திலுள்ள பழைய மாட்டுத் தொட்டியை நிரப்பி வைப்பேன். கோடையில் ஓடை வற்றினால் புள்ளிமான்கள் வெயில் தாழ்ந்ததும் தொட்டிக்கு வரும். நான் மோட்டார் ரூம் ஜன்னலுக்குப் பின்னால் உட்கார்ந்து எண்ணுவேன். பதினொன்று: இரண்டு கொம்பன், மற்றவை பெட்டையும் குட்டியும். ஒன்று குடிக்கும்போது மற்றது தலை தூக்கிப் பார்க்கும். பத்தும் குடித்தாலும் பதினொன்றாவது குடிக்காது. ஒரு ஓலை விழுந்தால் போதும், மொத்தக் கூட்டமும் எந்தப் பக்கம் என்று பார்க்காமல் பாயும். அந்தப் பாய்ச்சலைப் பார்த்த அன்றே எழுந்து போய்த் தொட்டியிலிருந்து கிணற்றுக்கு எத்தனை எட்டு என்று அளந்தேன். தொட்டிக்கும் வேலிக்கும் நடுவில்தான் அந்தக் கிணறு.

கைப்பிடிச் சுவர் கட்டுவோம் என்று கேட்கச் சித்தப்பா மகனின் கடைக்குப் போனேன். சிமெண்ட் மூட்டை அடுக்குக்கு நடுவில் உட்கார்ந்துகொண்டு அவன் சொன்னான்: "கட்டலாம்ண்ணே. நல்ல காரியம்தான். ஆனா யாரு கட்டுறது?"

"நான் கட்டுறேன். ஒரு பைசா நீ தர வேண்டாம்."

"அதுதான்ண்ணே வேண்டாங்கேன். நீங்க மனசுல ஒண்ணும் வைக்க மாட்டீக. நாளைக்கு உங்க மகன் வந்து நிப்பான். எங்கப்பா கட்டுன சுவரு, எங்க கிணறும்பான். எம்மகன் அவன்கூட மல்லுக்கு நிக்கணுமா?"

"என் மகன் துபாய்ல இருக்கான். இந்தக் கிணத்துக்காகவா வரப்போறான்?"

"வராதவன்தான்ண்ணே வித்துட்டுப் போவான்."

சரி, மூன்று பேரும் சேர்ந்து கட்டுவோம் என்றேன். அதற்கும் ஒரு கேள்வி வைத்திருந்தான். "பங்கு மூணு. கிணத்துக்குப் பக்கம் நாலு. நாலாவது பக்கம் யாருக்கு?"

சுற்றளவை அளந்து மூன்றால் வகுத்துவிடலாம் என்று காகிதத்தில் படம் போட்டுக் காட்டினேன். அவன் அதை வாங்கி, திருப்பித் திருப்பிப் பார்த்தான். "மோட்டார் ரூம் பக்கம் உங்களுக்கு வருது. நாளைக்கு மோட்டார் தூக்கணும்னா உங்க சுவத்து மேல ஏறணும். உங்ககிட்ட வந்து கேட்டுக்கிட்டு நிக்கணும்." நான் பக்கத்தை மாற்றிப் போட்டேன். "மூலையில உங்க சுவரும் மதினி சுவரும் முட்டுதே, அந்த மூலைக் கல்லு யாருது?" என்றான். கிண்டல் பண்ணுகிறானோ என்று முகத்தைப் பார்த்தேன். கிண்டல் இல்லை. எங்கள் பக்கத்தில் பங்குக் கிணற்றை யாரும் தொட மாட்டார்கள். தூர்வாரினால் உரிமை வரும், கல் பதித்தால் உரிமை வரும், ஒரு கொய்யாக் கன்றை நட்டால்கூட உரிமை வரும் என்று பயம். நல்ல கிணறுகள் இந்த ஒரு காரணத்தாலேயே மொட்டையாகக் கிடக்கின்றன. எங்கள் தோப்பைச் சுற்றி மட்டும் அப்படி ஏழு.

போதாததற்கு அவனிடம் ஒரு சாட்சி இருந்தது. முந்தின வருடம் ஒரு மிளா அந்தக் கிணற்றில் விழுந்தது. நானும் மதினியும் காலையில் போய்ப் பார்க்கையில் தண்ணீரில் தலை மட்டும் தெரிய மிதந்துகொண்டு எங்களை முறைத்தது. நாங்கள் ஒதுங்கி நின்றோம். கொஞ்ச நேரத்தில் நீந்திப் போய்க் கல்லில் கால் வைத்து, இரண்டு தடவை வழுக்கி, மூன்றாவது தடவை மேலே ஏறி உதறிவிட்டு நடந்தே மலைக்குப் போனது. ஓடக்கூட இல்லை.

"அதான் ஏறிப் போச்சுல்லண்ணே" என்றான். "மானுக்குத் தெரியும் அதுக்கு வழி."

"ஏலே, அது மிளா. மலைச்சரிவுல பாறையில ஏறி இறங்குறது. தண்ணியில கெடக்கிறது. இப்ப தொட்டிக்கு வாரது புள்ளிமான். அது விழுந்தா ஏறாது. பயத்துலயே செத்துப்போகும்."

"ரெண்டும் மான்தானண்ணே" என்று சொல்லிவிட்டு, கம்பி கேட்டு வந்தவனிடம் திரும்பிக்கொண்டான்.

நான் விடவில்லை. பங்குனியில் ஒரு தடவை, சித்திரையில் இரண்டு தடவை கேட்டேன். மதினியைப் பேசச் சொன்னேன். "நான் பொம்பள, எனக்கெதுக்கு வம்பு. நீங்க ரெண்டு பேரும் பேசி முடிச்சுக் கூப்பிடுங்க, கல்லுத் தூக்கிப் போடுதேன்" என்றார்கள். கடைசியில் கருவேல முள்ளை வெட்டி நானே கிணற்றைச் சுற்றிப் போட்டேன். முள்ளுக்கு உரிமை வராது என்று நினைத்தேன். கோடை முற்றிய சமயத்தில் சித்தப்பா மகனின் முறையில் மோட்டார் எரிந்துபோனது. மெக்கானிக் வந்து, முள்ளை இழுத்து ஒரு ஓரமாகப் போட்டுவிட்டு மோட்டாரைத் தூக்கினான். மாட்டினான். முள்ளைத் திரும்பப் போடாமல் போய்விட்டான். எனக்கு யாரும் சொல்லவில்லை.

மதினி போன் பண்ணியது காலைக் காப்பி நேரத்தில். "கொழுந்தனாரே, கிணத்துல மான் கெடக்கு. நாயி நாலஞ்சு வெரட்டிட்டு வந்துச்சு. கொஞ்சம் வாங்க."

"எந்த மான் மதினி?"

"ஏன், எதுன்னு தெரிஞ்சாத்தான் வருவீகளோ? புள்ளி போட்டது."

பஸ் பிடித்துப் போய்ச் சேர்ந்தபோது கிணற்றைச் சுற்றி நாற்பத்து மூன்று பேர். அதில் போனை நீட்டிக்கொண்டிருந்தவர்கள் இருபத்தாறு. பக்கத்துத் தோப்புகளில் தேங்காய் வெட்ட வந்தவர்கள், மில் ஷிப்டு முடித்து வந்தவர்கள், ஸ்ரீவில்லிபுத்தூருக்குப் பக்கத்துக் குன்றிலுள்ள திருவண்ணாமலைப் பெருமாளைக் கும்பிடப் போகிற வழியில் வேனை நிறுத்திவிட்டு வந்த ஒரு குடும்பம். குழந்தைகளைத் தோளில் தூக்கிக் காட்டினார்கள். என் சித்தப்பா மகனும் பைக்கில் வந்து நின்றான்.

எட்டிப் பார்த்தேன். பெட்டை. கிணற்றில் தண்ணீர் குறைவு. தண்ணீருக்கு மேலே துருத்திக்கொண்டிருந்த பாறைத் திட்டில் நான்கு காலையும் ஒன்றுகூட்டி நின்றது. ரத்தம் தெரியவில்லை, கால் முறியவில்லை. மேலே ஒருவன் விசிலடிக்கும்போதெல்லாம் அதன் வயிறு துடித்தது.

வனத்துறைக்குச் சொல்லியாயிற்று, வலையும் ஆளுமாக வந்துகொண்டிருக்கிறார்கள் என்று தெரிந்தது. அப்படியானால் செய்ய வேண்டியது ஒன்றுதான்: ஒன்றும் செய்யாமல் விலகி நிற்பது. நான் சொன்னேன். கத்தித்தான் சொன்னேன். "அது நிக்கிற எடத்துல அதுக்கு ஒரு ஆபத்தும் இல்ல. எல்லாரும் தள்ளிப் போங்க. சத்தம் போடாதீக. அவிய வந்து கண்ணக் கட்டித் தூக்குவாக. நீங்க தொட்டா செத்துரும்."

"பெருசு, தண்ணிக்குள்ள நிக்குது பாவம், தொட்டா சாகும்ங்கீரு" என்றான் தேங்காய் வெட்டுகிறவன்.

"அவரு எண்ணிட்டுத்தான் தூக்க விடுவாரு" என்றான் இன்னொருவன். சிரித்தார்கள்.

இரண்டு பேர் கல்லில் கால் வைத்து இறங்கிவிட்டார்கள். நல்ல பையன்கள். எனக்கு அவர்கள்மேல் கோபம் இல்லை என்று எழுத ஆசைதான், ஆனால் உண்டு. பிடிக்கப் போனபோது மான் தண்ணீரில் பாய்ந்தது. நீந்திச் சுவரில் முட்டியது. திரும்பி எதிர்ச் சுவரில் முட்டியது. நான்கு சுவரிலும் முட்டிய பிறகு களைத்து நின்றதைப் பிடித்து, ஆட்டுக்குக் கட்டுவதுபோல முன்னங்காலையும் பின்னங்காலையும் கட்டி, சாக்கில் தொட்டில் போட்டு மேலே தூக்கினார்கள். கைதட்டினார்கள். வேனில் வந்த அம்மாள் "கோவிந்தா" என்றார்கள்.

அதற்குப் பிறகு நடந்ததை ஆடு மாடு வளர்க்கிற ஊர்க்காரர்கள் மட்டும்தான் செய்திருப்பார்கள். பட்டணத்துக்காரனாக இருந்தால் பயந்து தூரத்தில் நின்றிருப்பான், அது பிழைத்திருக்கும். இங்கே கிணற்றில் விழுந்த வெள்ளாட்டை என்ன செய்வார்கள் என்பது எல்லோருக்கும் தெரியும். அதையெல்லாம் மானுக்குச் செய்தார்கள். மாமரத்து நிழலில் போட்டார்கள். தலையில் குளிர்ந்த தண்ணீரை ஊற்றினார்கள். காலைத் தேய்த்துவிட்டார்கள். காதில் ஊதினார்கள். ஒருத்தி மஞ்சள் கொண்டுவந்து முட்டிய இடத்தில் அப்பினாள். கடைக்கு ஓடி குளுக்கோஸ் வாங்கிவந்து கரைத்தார்கள். மதினி சம்மணம் போட்டு உட்கார்ந்து, மானின் தலையை மடியில் வைத்துக்கொண்டு, சேலை முந்தியால் முகத்தையும் வயிற்றையும் துடைத்து, கடைவாயில் கைவிட்டு அந்தத் தண்ணீரைப் புகட்டினார்கள். உதடு அசைந்துகொண்டிருந்தது, ஜெபம் பண்ணினார்கள். ஆட்டுக்குட்டிக்குச் செய்திருந்தால் அது எழுந்து அவர்கள் பின்னாலேயே நடந்திருக்கும்.

மனுஷர் கையை அறியாத உயிருக்கு மனுஷர் மடி என்பது புலியின் வாய்தான். புள்ளிமான் பிடிபட்டால் அந்தப் பயமே நோயாகும். உடம்பு உள்ளுக்குள் சூடேறும், தசை கெட்டுப்போகும், நெஞ்சு நின்றுவிடும். அது அசையாமல் கிடந்ததைப் பார்த்து, "பாரு, எம்புட்டு அமைதியாப் படுத்திருக்கு, தெரியுது அதுக்கு" என்றார்கள். கண் மட்டும் பிதுங்கியிருந்தது. நான் தோளில் கிடந்த துண்டை எடுத்து அதன் கண்ணை மூடினேன். கண் மறைந்தால் பாதிப் பயம் குறையும். ஒருவன் போட்டோ எடுக்க வேண்டும் என்று துண்டை நீக்கினான். மறுபடியும் மூடினேன். வேறொருவன் நீக்கினான். மூன்றாவது தடவை என் துண்டை யாரோ மிதித்துக்கொண்டு நின்றார்கள்.

கழுத்து ஒரு தடவை பின்னால் வளைந்தது. அவ்வளவுதான். மதினிக்குத் தெரிவதற்கு முன்னால் எனக்குத் தெரிந்துவிட்டது. அவர்கள் இன்னும் புகட்டிக்கொண்டிருந்தார்கள். குளுக்கோஸ் தண்ணீர் வாயோரம் வழிந்து சேலையை நனைத்தது.

"விடுங்க மதினி. போயிருச்சு."

"செத்த பொறுங்க. மூச்சு இருக்கு."

"இல்ல. நீங்க மடியில வச்சே கொன்னுட்டீக."

சொன்னேன். எல்லோர் முன்னாலும் சொன்னேன். இன்றைக்குக் கேட்டாலும் அதைத்தான் சொல்வேன், ஏனென்றால் அதுதான் நடந்தது. மதினி என்னை நிமிர்ந்து பார்த்தார்கள். அழவில்லை. "நானா கொன்னேன்? விழும் விழும்னு ஒரு வருஷமாச் சொல்லிக்கிட்டுத் திரிஞ்சது யாரு? அந்த வாயிதான் அதத் தள்ளிவிட்டுச்சு. தொட்டியில தண்ணி வச்சு இங்க கூப்பிட்டது யாரு? நானா வச்சேன்?" என்றார்கள். சுற்றியிருந்தவர்கள் என்னைப் பார்த்தார்கள். போன்கள் என் பக்கம் திரும்பின.

வனத்துறை ஜீப் அப்போதுதான் வந்தது. வலையைக் கீழே இறக்கக்கூட இல்லை. வந்த அதிகாரி சின்ன வயது, நிதானமானவர். மானைச் சுற்றி வந்து பார்த்துவிட்டு, "யாரு தூக்குனது?" என்றார். நாற்பத்து மூன்று பேர் இருந்த இடத்தில் அப்போது ஒன்பது பேர்தான் நின்றோம். கிணற்றைப் பார்த்துவிட்டு, "இது யாரு கிணறு?" என்றார்.

மூன்று பங்குக்காரர்களும் அங்கேதான் நின்றோம். அடுத்தவன் ஒரு கல் பதித்தால் தன் உரிமை போய்விடும் என்று வருடக்கணக்கில் கட்டிக் காத்த கிணறு. என் சித்தப்பா மகன் தொண்டையைச் செருமினான். "எனக்குச் சம்பந்தம் இல்ல சார். நான் ஸ்ரீவில்லிபுத்தூர்ல கடை வச்சிருக்கேன். எல்லாம் அண்ணன் பார்த்துக்கிடுதாரு."

அதிகாரி மதினியைப் பார்த்தார். "நான் பொம்பள சார். எனக்கென்ன தெரியும்" என்றார்கள் மதினி.

அப்போதுதான் எனக்கு அது உறைத்தது. காகிதத்தில் படம் போட்டும், மூன்றால் வகுத்தும், மூலைக் கல்லைப் பற்றி வாதாடியும் கிடைக்காதது தானாக வந்து காலடியில் விழுந்திருக்கிறது. "கிணறு என்னோடதுதான் சார்" என்றேன். "நான் ஒருத்தன்தான். நீங்க எழுதிக்கிடுங்க." அதிகாரி எழுதினார். சுவரில்லாமல் வைத்திருந்ததற்கு நோட்டீஸ் வரும், உடனே கைப்பிடிச் சுவர் கட்ட வேண்டும், இல்லாவிட்டால் மேல்நடவடிக்கை என்றார். நான் இரண்டு பேரையும் சாட்சியாகக் கையெழுத்துப் போடச் சொன்னேன். சித்தப்பா மகன் தப்பித்த சந்தோஷத்தில் வேகமாகப் போட்டான்.

மறுநாள் பேப்பரில் விரலகலத்துக்கு ஒரு செய்தி: கிணற்றில் விழுந்த மான் பலி. எந்த மான் என்று அதிலும் இல்லை.

சுவர் எழும்பியது. நான்கு பக்கமும் நானே கட்டினேன். சிமெண்டை அவன் கடையில் வாங்கவில்லை. நெஞ்சு உயரம் வைத்து, இறங்குகிற பக்கத்தில் இரும்புக் கதவு போட்டேன். பயம் தெளிந்ததும் சித்தப்பா மகனுக்கு விஷயம் புரிந்தது. மடவார் வளாகம் முழுக்கச் சொல்லிக்கொண்டு திரிந்தான்: "செத்த மானை வச்சு எங்க அண்ணன் கிணத்த முழுங்கிட்டாரு." அவன் மகளுக்குக் கல்யாணம் வந்தது. ராஜபாளையத்தில் எங்கள் தெருவில் ஐந்து வீட்டுக்குப் பத்திரிகை வைத்தான், எங்கள் வீடு நீங்கலாக. என் மனைவி அன்று ஜன்னலைச் சாத்திக்கொண்டு, "ஒரு மானுக்காக ஒரு குடும்பத்தையே தொலைச்சிட்டீக" என்றாள். எந்த மான் என்று சொன்னால் அவளுக்கு இன்னும் கோபம் வரும்.

அவன் முறைத் தண்ணீரை நான் நிறுத்தவில்லை. அவன் வருவான், மோட்டாரைப் போடுவான், என்னைப் பார்க்காமல் போவான். மதினியும் பேசவில்லை. ஒரே தோப்பில் இருப்போம். அவர்கள் ஆட்டைப் பத்திக்கொண்டு வருகிற பக்கம் நான் போக மாட்டேன்.

மான்கள் கோடை முடியும் வரை வரவில்லை. புரட்டாசியிலும் மழை பொய்த்து ஓடை காய்ந்து கிடந்தது. ஒரு நாள் வெயில் தாழ்கிற சமயத்தில் வேலிக்கு அந்தப் பக்கம் காது தெரிந்தது. நான் ஜன்னலுக்குப் பின்னால் உட்கார்ந்துகொண்டேன். ஒவ்வொன்றாக வந்து, சுவரை மோந்து பார்த்து, சுற்றிக்கொண்டு தொட்டிக்கு வந்தன. எண்ணிக்கொண்டிருந்தபோது கதவருகில் யாரோ நிற்பது தெரிந்தது. மதினி. ஆடுகளைத் தூரத்தில் விட்டுவிட்டு வந்திருந்தார்கள். உள்ளே வந்து ஜன்னலின் அடுத்த பக்கத்தில் நின்று பார்த்தார்கள்.

"இதுல குட்டி எத்தன?" என்றார்கள், மான்களைப் பார்த்துக்கொண்டே.

"ரெண்டு. ரெண்டும் போன வருஷத்துக் குட்டி."

"இந்த வருஷத்துது?"

"இல்ல."

சேலை முந்தியை இழுத்து இடுப்பில் செருகிக்கொண்டார்கள். பிறகு அடிக்குரலில், "அன்னைக்கு அதுக்கு மடியில பால் இருந்துச்சு கொழுந்தனாரே. வயித்தத் தொடச்சப்ப முந்தியெல்லாம் நனைஞ்சுது. தண்ணின்னு நெனச்சீக. பால்" என்றார்கள். "நீங்க அப்படிச் சொல்லிட்டீக. பொறவு ஒங்ககிட்ட என்னத்தச் சொல்ல?"

புள்ளிமான் குட்டி போட்டதும் அதைப் புல்லுக்குள் படுக்க வைத்துவிட்டுத்தான் மேயப் போகும். தாய் வந்து கூப்பிடுகிற வரை குட்டி இடத்தை விட்டு அசையாது. எத்தனை பசித்தாலும் அசையாது. வேலிக்கு அந்தப் பக்கம், அந்தப் புல்லில்தான் எங்கேயோ கிடந்திருக்கும். அன்றைக்கே தெரிந்திருந்தால் ஜீப்பில் வந்தவர்களோடு சேர்ந்து தேடியிருக்கலாம்.

"மத்ததுக பால் குடுத்திருக்காதா?" என்றார்கள்.

இத்தனை ஆடு வளர்த்தவர்களுக்கு இதை நான் சொல்ல வேண்டியதில்லை. "குடுக்காது மதினி" என்றேன்.

அவர்கள் தலையை ஆட்டிக்கொண்டார்கள். மான்கள் குடித்து முடிக்கிற வரை நின்றுவிட்டு, வந்த வழியே ஆடுகளைக் கூப்பிட்டுக்கொண்டு போனார்கள். அதற்குப் பிறகும் எங்களுக்குள் பேச்சு இல்லை.